‘கஹரம்’ என்னும் கணிதச் சொல்லும் அதன் உவமை வரம்பும்

வடமொழிக் கணித நூல்களில் அருகி வழங்கும் அடைமொழிகளுள் ‘கஹரம்’ என்பது ஒன்று. அருகி வழங்குவதாயினும் அது தத்துவ நூலோர் கருத்தையும் ஈர்ப்பதாம். என்னை? அச்சொல்லாற் குறிக்கப்படும் இராசியின் இயல்பை விளக்கப் புகுந்த பாஸ்கராசாரியர், அதற்கு உவமையாக இறைவனையே எடுத்துக்காட்டினாராகலின். அவ்வுவமையைச் சொற்பொருளறியாது கொள்வார்க்கு ஒரு மயக்கம் நிகழ்தற்கு இடமுண்டு. கஹரம் என்பது முடிவிலியாகிய ஒரு பொருட்குப் பெயரென்றும், அதனுட் புக்க எண் தன்னை இழந்தொழியுமாறு போல உயிரும் இறையிற் புக்குத் தன்னை இழந்தொழியுமென்றும் அவர் கொள்ளக்கூடும். அங்ஙனம் கொள்ளின் ஏகான்மவாதத்திற்குக் கணிதமே சான்றாய் நின்றதுபோலத் தோன்றும். ஆகலின் அச்சொல்லின் பொருளும், அது நூல்களில் வழங்குமாறும், அவ்வுவமை செல்லும் எல்லையும் ஈண்டு ஆராய்தும்.

சொற்பொருள்

கஹரம் என்பதன்கண் ‘க’ என்பது வடமொழிக் கவருக்கத்து இரண்டாம் எழுத்து. அதற்கு வான், வெளி, பாழ் என்பன பொருள். எண்ணைப் பொருட்பெயராற் குறிக்கும் பூதசங்கியை வழக்கில் அம்பரம், ககனம், சூனியம் என்பன போல இதுவும் சுழியைக் குறிக்கும். ‘ஹரம்’ என்பது கவர்தல், நீக்குதல், பகுத்தல் என்னும் பொருளவாகிய வினையடியிற் பிறந்தது. கணித நூலில் அது வகுக்கும் எண்ணுக்குப் பெயர். தமிழெழுத்தால் ‘ககரம்’ என்றெழுதின் க என்னும் எழுத்தின் பெயரோடு மயங்குமாகலின், இக்கட்டுரையில் கஹரம் என்றே எழுதுதும்.

இனி, இச்சொற்றொகை இருவகையாக விரித்தற்கு இடந்தரும். ‘சுழியாகிய வகுக்கும் எண்’ என விரிப்பின் அது பண்புத்தொகையாம். அப்பொழுது அது சுழியையே சுட்டும். ‘சுழியை வகுக்கும் எண்ணாக உடையது’ என விரிப்பின் அது வடநூலார் பகுவிரீகி என்பதும் தமிழ்நூலார் அன்மொழித்தொகை என்பதுமாம்; அப்பொழுது அது வேறொரு பொருளைச் சுட்டி அதற்கு அடையாய் நிற்கும். கணித நூலார் கொண்டது இரண்டாவதே. ‘பொற்றொடி வந்தாள்’ என்புழி வந்தது தொடியன்று, தொடியை உடையாளே; அதுபோலக் கஹரம் என்புழிச் சுட்டப்படுவது சுழியன்று, சுழியால் வகுக்கப்பட்டு நின்ற இராசியே என்க.

ஆகவே கஹரம் என்பது பெயர்போல வழங்கினும் இயல்பால் அடைமொழி. பாஸ்கரர் தமது பீசகணிதத்துள் மூன்றைச் சுழியால் வகுத்து, மேலே மூன்றும் கீழே சுழியுமாக நிறுத்தி, அநந்தமாகிய அவ்விராசியே கஹரம் எனப்படுமென்றனர். ஆண்டு இராசி ஒன்று. அதற்கு அடை இரண்டு. ‘அநந்தம்’ என்னும் அடை அதன் அளவின்மையை உணர்த்தும்; ‘கஹரம்’ என்னும் அடை அது பிறந்த வகையை உணர்த்தும். இவ்விரண்டனையும் ஒன்றெனக் கொள்வது, ஒருவனை உயரத்தாற் சுட்டிய சொல்லையும் குடியாற் சுட்டிய சொல்லையும் ஒருபொருட் பன்மொழியென்பதனோடு ஒக்கும்.

ஹரம் என்பதும் அரன் என்னும் திருப்பெயரும் ஒரே வினையடியின என்பது மெய்யே. ஆயினும் அவ்வொலியொற்றுமை ஒன்றே பற்றிக் கணிதச் சொல்லினின்று சமயப் பொருளை வருவித்தல் பொருந்தாது. ஒரு வினையடியிற் பிறந்த சொற்கள் தத்தம் நூலில் தத்தம் பொருளே பயக்கும்.

நூல் வழக்கு

சுழியால் வகுத்தலைப் பற்றி விதி கூறியவருள் முற்பட்டவர் பிரமகுப்தர். அவர் கி.பி. 628-இல் இயற்றிய பிராஹ்மஸ்புட சித்தாந்தத்துள், நேரெண்ணாயினும் எதிரெண்ணாயினும் சுழியால் வகுக்கப்பட்டவழி ‘தச்சேதம்’ ஆமென்றனர். தச்சேதம் என்பதும் அன்மொழித்தொகையே. ‘அதனைக் கீழெண்ணாக உடையது’ என்பது பொருள். அதன் அளவு இத்துணைத்தென அவர் கூறிற்றிலர். கீழே சுழி நின்றதென்னும் செய்தியை மாத்திரம் அடையாக்கி நிறுத்தினர். சுழியைச் சுழியால் வகுப்பின் சுழியாமென்றும் அவர் விதித்தனர். அஃது இக்காலக் கணிதர்க்கு உடன்பாடன்று.

கி.பி. 850-ஐ ஒட்டி விளங்கிய சைனராகிய மகாவீரர் தமது கணிதசார சங்கிரகத்துள், சுழியால் வகுக்கப்பட்ட எண் மாறாது அவ்வாறே நிற்குமென்றனர். வகுப்பதற்கு ஒன்றும் இல்லாதவழி வகுத்தற்றொழிலே நிகழாதென்பது அவர் கருத்துப்போலும். அதுவும் பிற்காலத்தார் கொள்ளாத கொள்கையாயிற்று.

கி.பி. 1114-இல் தோன்றிய பாஸ்கராசாரியர், 1150-இல் முடித்த சித்தாந்த சிரோமணியைச் சேர்ந்த லீலாவதியிலும் பீசகணிதத்திலும் கஹரம் என்னும் சொல்லை ஆண்டனர். லீலாவதியில் அதற்கு இணையாக மற்றொரு சொல்லும் உண்டு. அது ‘ககுணம்’ என்பது. ஈண்டுக் குணம் என்றது பண்பையன்று, பெருக்கும் எண்ணை. எனவே ககுணம் என்பது ‘சுழியைப் பெருக்கும் எண்ணாக உடையது’ எனப் பொருள்படும் அன்மொழித்தொகையாம். ஓரெண்ணைச் சுழியாற் பெருக்கின் வருவது சுழியே. ஆயினும் மேற்செய்யவேண்டிய தொழில் எஞ்சி நிற்குமாயின் அதனை உடனே சுழியென்று அழித்துவிடாது ககுணமென்றே வைத்துக்கொள்க, பின்னர்ச் சுழியே வகுக்கும் எண்ணாக வருமாயின் முன்னை எண் விகாரமின்றி மீளுமென அறிக என்பது அவர் விதி.

அதற்கு அவர் காட்டிய கணக்கு வருமாறு. ஓரெண்ணைச் சுழியாற் பெருக்கி, வந்ததனோடு அதன் பாதியைக் கூட்டி, மூன்றாற் பெருக்கி, சுழியால் வகுக்க 63 வந்தது, அவ்வெண் யாது? விடை 14. பதினான்கும் அதன் பாதியாகிய ஏழும் 21. அதன் மும்மடங்கு 63. சுழியாற் பெருக்கியவுடனே 14-ஐ அழித்திருப்பின் இவ்விடை கிடைத்தற்கு வழியில்லை. இவ்வகைக் கணக்குக் கிரககணிதத்திற்குப் பெரிதும் பயன்படுமென்றும் அவர் கூறினர். சுழியென்பதனைச் சுழியை நோக்கிக் குறைந்துசெல்லும் நுண்ணளவாகக் கொள்ளின் இக்கணக்கு இக்கால நுண்கணித முறைக்கும் ஒத்ததேயாம்.

கஹர இராசியின் இயல்பு

கஹர இராசியோடு எவ்வெண்ணைக் கூட்டினும் கழித்தாலும் அது வேறுபடாது என்பது பாஸ்கரர் துணிபு. அஃதாமாறு யாங்ஙனமெனின், பின்னங்களைக் கூட்டும் முறையாலேயே காட்டுதும். மூன்றின்கீழ்ச் சுழி நின்ற இராசியோடு ஐந்தைக் கூட்டவேண்டுமாயின், ஐந்தின்கீழ் ஒன்றை நிறுத்திக் குறுக்கே பெருக்குக. மூன்றை ஒன்றாற் பெருக்க மூன்று. ஐந்தைச் சுழியாற் பெருக்கச் சுழி. இரண்டுங் கூடி மேலெண் மூன்று. சுழியை ஒன்றாற் பெருக்கக் கீழெண் சுழி. வந்தது மூன்றின்கீழ்ச் சுழி நின்ற அவ்விராசியே. ஐந்தைக் கழிப்பினும் முடிபு இதுவேயாம்.

இதனைக் காட்சியளவைக்கு உரியதாக்கி விளக்கியவர், பீசகணிதத்திற்கு 1600-ஐ அடுத்த ஆண்டுகளில் உரை செய்த கிருஷ்ண தைவக்ஞர். வகுக்கும் எண் குறையக் குறைய ஈவு மிகும். அது முற்றக் குறைந்து சுழியாயவழி ஈவு மிகுதியின் எல்லையைக் கடக்கும். இத்துணையென வரையறுக்கப்படுவது அதனினும் மிக்கதொன்று உண்டென்பதனைக் காட்டுமாகலின், அதனை இத்துணையென்றல் கூடாது என்பது அவருரையின் கருத்து. ஞாயிறு தோன்றும்பொழுதும் மறையும்பொழுதும் நிலத்து நட்ட கோலின் நிழல் அளவிறந்து நிற்றலையும் அவர் எடுத்துக்காட்டினர். ஆரம் 120 எனக் கொண்டு கோலின் உயரம் 1, 2, 3, 4 என வேறுபடினும், சுழியின்மேல் 120, 240, 360, 480 என எண்கள் வேறுபடுவதன்றி நிழலின் அளவின்மை வேறுபடாது. இவ்வுரைக் குறிப்புக்கள் சில கோல்புரூக் என்பார் 1817-இல் இலண்டனில் வெளியிட்ட ஆங்கில மொழிபெயர்ப்பின் வாயிலாக மேனாட்டார்க்கும் தெரியவந்தன.

இக்காலக் கணிதர் சுழியால் வகுத்தலுக்கு மதிப்புக் கூறாது விடுவர். மூன்றைச் சுழியால் வகுத்த ஈவு ஒன்று உண்டெனின், அதனைச் சுழியாற் பெருக்க மூன்று வரல்வேண்டும். எதனைச் சுழியாற் பெருக்கினும் சுழியே வருமாகலின் அத்தகைய எண் இல்லை. ஆயினும் கணிப்பொறிகளுக்கென 1985-இல் வகுக்கப்பட்ட ஐ.இ.இ.இ. 754 என்னும் நெறி, சுழியல்லாத எண்ணைச் சுழியால் வகுப்பின் முடிவிலியென்றும், சுழியைச் சுழியால் வகுப்பின் ‘எண் அன்று’ என்றும் குறிக்க விதிக்கின்றது. அம்முடிவிலியோடு ஐந்தைக் கூட்டினும் அது முடிவிலியாகவே நிற்கும். பாஸ்கரர் கூறிய இயல்பு ஓரிடத்தில் இன்றும் வழங்குமாறு இது.

உவமையும் அதன் எல்லையும்

இனி உவமையை நோக்குதும். ஊழிக்காலத்தும் படைப்புக்காலத்தும் உயிர்த்தொகைகள் புகினும் வெளிப்படினும் அநந்தனும் அச்சுதனுமாகிய இறைவன்கண் யாதொரு விகாரமும் இல்லையாமாறு போல, பல எண்கள் புகினும் நீங்கினும் கஹர இராசிக்கு விகாரமில்லை என்பது பாஸ்கரர் கூறிய கருத்து. ஈண்டு அநந்தன், அச்சுதன் என்பன திருமாலுக்குப் பெயராதலோடு, முடிவில்லான், தன்னிலையின் வழுவாதான் எனக் காரணப்பொருளும் தருவன. சைவாகமங்களில் வித்தியேசுரருள் முதல்வராகிய அநந்தேசுரரை இப்பெயர் சுட்டாதென்பதும் அறிக.

இவ்வுவமைக்கண் பொதுத்தன்மை யாது? விகாரமின்மை ஒன்றே. பாஸ்கரர் இறைவனைக் கஹரம் என்றாரல்லர். கஹர இராசியின் ஒரு தன்மையை விளக்க இறைவனை உவமமாக்கினர். உவமம் ஒருபுடையொப்பே கொள்ளும் என்பது தமிழ்நூலார்க்கும் தருக்க நூலார்க்கும் ஒப்ப முடிந்தது. ஞாயிற்றின் சந்நிதியில் தாமரை மலரும், சூரியகாந்தக்கல் தீயுமிழும், ஞாயிறு விகாரப்படாது என்னும் சித்தாந்த உவமையும், இறைவனைச் சடமென்று காட்டுதற்கு எழுந்ததன்று. ஐந்தொழில் இயற்றியும் அவன் விகாரமுறாமையைக் காட்டுதற்கே எழுந்தது. அதனை அவ்வளவிற் கொள்ளும் நாம் இதனையும் அவ்வளவிற் கோடலே முறை.

அற்றேல், கூட்டப்பட்ட ஐந்து கணக்கினுள் சுழியாய்ப் போயிற்றன்றோ, அதுபோல உயிரும் ஒழியுமன்றோவெனின், அன்று. கஹரத்தினின்று ஐந்தைக் கழிப்பினும் அஃது அதுவே. ஏழைக் கழிப்பினும் அஃது அதுவே. முன்னர்ப் புக்கது ஐந்தோ ஏழோ என்பதனைக் கஹர இராசி காட்டமாட்டாது. சங்காரத்தின்பின் மீள வரும் உயிரோ தன் மலத்தோடும் தன் வினையோடும் தானாகவே வருதல் வேண்டும். இன்றேல் ஒருவன் செய்த வினையைப் பிறனொருவன் துய்த்தலும், செய்த வினை பயனின்றிக் கெடுதலுமாகிய குற்றங்கள் நிகழும். சிவஞானபோத முதற் சூத்திரம், ஒடுங்கிய உலகம் மலம் காரணமாக மீளத் தோன்றுமென நிறுவுதலும் இது நோக்கியே. ஆகவே இறைவன்பால் விகாரமின்மையைக் காட்டும் இவ்வுவமை, உயிரின் நிலையைப் பற்றி யாதும் கூறிற்றில்லை. கூறாத ஒன்றனை அதன்மேல் ஏற்றிக் கொள்கை நாட்டுதல் உவமப்போலியாம். அன்றியும், சித்தாந்தத்தில் உலகம் ஒடுங்குதற்கு முதற்காரணம் மாயை. இறைவன் நிமித்த காரணன். உயிர் இறைவனிற் புகுதலென்பது அவனது வியாபகத்துள் அடங்கி நிற்றலன்றி, அவனாய்த் திரிதலன்று.

உயிரின் நிலைக்கு அவ்வாசிரியர் நூலிலேயே ஓர் ஒப்புமை வேண்டின், அது ககுணம் என்னும் அடைமொழியாற் பெறப்படும். சுழியாற் பெருக்கப்பட்ட பதினான்கு புலப்படாது நின்றது, ஆயினும் கெட்டொழிந்திலது. ஏற்ற தொழில் வந்தவழி, பதின்மூன்றாகவும் பதினைந்தாகவுமன்றிப் பதினான்காகவே மீண்டது. கேவலத்தில் அறிவு இச்சை செயல்கள் விளங்காது கிடந்த உயிரும், கருவிகள் கூட்டப்பெற்றவழித் தானாகவே எழுதல் இதனோடு ஒக்கும். இது பாஸ்கரர் கூறிய உவமையன்று. அவர் விதியினின்று யாம் காட்டுவது. இதுவும் ஒருபுடையொப்பே. என்னை? எண்ணுக்கு அறிவில்லை, மலமுமில்லை. உயிர்க்கு அவை உண்டாகலின்.

முடிபு

இதுகாறும் கூறியவாற்றாற் பெறப்பட்டன இவை: கஹரம் என்பது சுழியை வகுக்கும் எண்ணாக உடைய இராசிக்கு அடைமொழி, சுழிக்கும் பெயரன்று, இறைவனுக்கும் பெயரன்று. அநந்தம் என்னும் அடை அளவுபற்றியும் கஹரம் என்னும் அடை பிறப்புப்பற்றியும் வந்தன. பாஸ்கரர் கூறிய உவமை விகாரமின்மையளவிலே நின்றது. உயிர் அழியுமென்பது அதனாற் பெறப்படாது. எடுத்தாளுவோர் அவ்வெல்லைக்கண் நின்று எடுத்தாளின், கணிதத்திற்கும் இழுக்கில்லை, சித்தாந்தத்திற்கும் இழுக்கில்லை. பிற நூற்சொற்களை எடுத்தாளுமிடத்து, முதற்கண் தொகையை விரித்துப் பொருள் தெளிந்து, பின்னர் உவமையின் பொதுத்தன்மையை வரையறுத்துக்கோடல் கற்பார்க்கும் கற்பிப்பார்க்கும் கடனென்று உணர்ந்துகொள்க.