நவஹோ மக்களும் காமிராவும்

பழங்குடி மக்களைப் பற்றிப் பிறர் எடுத்த ஆவணப்படங்கள் பல. அம்மக்களே எடுத்தவை சில. முன்னவற்றில் அவர்கள் காட்சிப் பொருள். பின்னவற்றில் அவர்களே காண்போர். இவ்வேறுபாட்டை விளக்க, 1966-ஆம் ஆண்டுக் கோடையில் அமெரிக்காவின் அரிசோனா மாநிலத்தில் நடந்த முயற்சி ஒன்றை ஈண்டு ஆராய்வோம்.

நவஹோ மக்கள் ஆடு வளர்த்தலிலும் கம்பளி நெய்தலிலும் வெள்ளி வேலையிலும் பெயர் பெற்றவர்கள். அவர்கள் வாழும் பைன் ஸ்பிரிங்ஸ் என்னும் ஊருக்கு இரு அறிஞர்கள் சென்றனர். சால் வொர்த் திரைப்படக் கலை கற்பித்தவர். ஜான் அடேர் மானிடவியலார். நவஹோ மக்களிடம் 16 மில்லிமீட்டர் காமிராவைக் கொடுத்தால், அவர்கள் தம் உலகை எவ்வாறு காட்டுவர்? இதை அறிவதே அவ்விருவரின் நோக்கம்.

அவர்கள் முதலில் ஊர்ப் பெரியவர் ஒருவரிடம் இசைவு வேண்டினர். அவர் சடங்குகளால் நோய் தீர்ப்பவர். படம் எடுத்தால் ஆடுகளுக்குத் தீங்கு வருமா என வினவினார். வாராது என்றனர். நன்மையாவது வருமா என்றார். அதுவும் இல்லை என்றனர். அங்ஙனமாயின் எதற்காக எடுப்பது என்று கேட்டார் பெரியவர்.

இது வெகுளித்தனமான வினா அன்று. 1930-களில், மேய்ச்சல் நிலம் அழிகிறது என்று காரணம் கூறி, அமெரிக்க அரசு அம்மக்களின் மந்தைகளைக் கட்டாயமாகக் குறைத்தது. வெளியார் வகுக்கும் திட்டத்தின் விலையைத் தாமே கொடுக்க நேரும் என்பதை அவர்கள் பட்டறிந்திருந்தனர்.

ஆயினும் பயிற்சி நடந்தது. காமிராவை இயக்கவும் படச்சுருளை வெட்டி ஒட்டவும் மட்டுமே அறிஞர்கள் கற்பித்தனர். எதைப் படமாக்குவது என்பதைக் கற்போரிடமே விட்டனர். சூசி பெனல்லி என்பவர் தம் தாயார் கம்பளி நெய்வதைப் படமாக்கினார். பின்னர்த் தாயாருக்கும் காமிராவைக் கற்பித்தார். அத்தாயும் ஒரு படம் எடுத்தார். வினா எழுப்பிய பெரியவரின் பேத்தியர் இருவர் அவருடைய சடங்கையே படமாக்கினர்.

அப்படங்களில் வியக்கத்தக்க ஒன்று உண்டு. நெசவுப் படத்தில் தறிவேலையைக் காட்டிலும் அதற்கு முன் நிகழ்வனவே மிகுதி: ஆட்டு மயிர் கத்தரித்தல், சாயச் செடி தேடுதல், நூல் நூற்றல். வெள்ளி வேலை பற்றிய படத்திலும் கைவினைஞர் நெடுந்தொலைவு நடக்கிறார். நமக்கு நடை என்பது வேலைக்கு முன்னுள்ள இடைவெளி; அவர்களுக்கோ நடையும் வேலையின் பகுதி. முகத்தை மிக அண்மையில் காட்டுவதையும் அவர்கள் பெரும்பாலும் தவிர்த்தனர். வெளியார் எடுத்திருந்தால் நடையை வெட்டி எறிந்து, முகத்தைப் பெரிதாக்கியிருப்பர் அல்லரோ!

2002-இல் இப்படங்கள் அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இடம்பெற்றன. எனினும் ஒரு குறை சொல்லத்தான் வேண்டும். காமிரா நவஹோ மக்களுடையதாயிற்று. ஆராய்ச்சியின் கேள்வியோ அறிஞர்களுடையதாகவே இருந்தது. அக்கேள்வியையும் அம்மக்களே எழுப்பும்போதுதான் கூட்டு முயற்சி முழுமை பெறும்.

இன்று நம் ஒவ்வொருவர் கையிலும் கைப்பேசி என்னும் காமிரா இருக்கிறது. கோடை விடுமுறையில் பழங்குடியினர் சிற்றூருக்குப் படம் எடுக்கச் செல்லும் மாணவர்கள், என்ன எடுப்பது, எதை நீக்குவது, எடுத்த படம் யாரிடம் இருப்பது என்பவற்றை அவ்வூராரோடு கலந்து முடிவு செய்தல் வேண்டும். அதற்கும் முன், அப்பெரியவரின் வினாவிற்கு விடை தேடிக்கொண்டு புறப்படுதல் நன்று.