சிறு தீவின் பெருங்குரல்: டோனி டிப்ரம்

பசிபிக் பெருங்கடலிலுள்ள மார்ஷல் தீவுகள் கடல் மட்டத்திற்கு மேல் சராசரியாக இரண்டு மீட்டர் உயரமே உடையவை. 1946 முதல் 1958 வரை அமெரிக்கா அங்கு 67 அணு ஆயுதச் சோதனைகளை நடத்தியது. 1954 மார்ச் 1 அன்று பிகினியில் நிகழ்ந்த மாபெரும் சோதனையின் ஒளியை, தாத்தாவுடன் மீன் பிடிக்கையில் கண்ட ஒன்பது வயதுச் சிறுவனே டோனி டிப்ரம். பின்னாளில் அவர் தாயகத்தின் விடுதலைப் பேச்சுகளில் பங்கேற்றார். மும்முறை வெளியுறவு அமைச்சராகவும் விளங்கினார்.

இராணுவமோ செல்வமோ இல்லாத நாடு எவ்வாறு தன் குரலைக் கேட்கச் செய்வது? டிப்ரம் இரு வழிகளை நாடினார். முதலாவது, சட்டம். அணு ஆயுதக் குறைப்புப் பேச்சு நடத்தும் கடமையை நிறைவேற்றவில்லை எனக் கூறி, 2014 ஏப்ரலில் இந்தியா உள்ளிட்ட ஒன்பது நாடுகளுக்கு எதிராக அவரது நாடு சர்வதேச நீதிமன்றத்தை அணுகியது. நீதிமன்றத்தின் அதிகார வரம்பை முன்னரே ஏற்றிருந்த இந்தியா, பாகிஸ்தான், பிரிட்டன் ஆகியவற்றின் மீதான வழக்குகளே தொடர்ந்தன. தரப்பினரிடையே சட்டத் தகராறு இருந்ததாக நிறுவப்படவில்லை எனக் கூறி, 2016 அக்டோபர் 5 அன்று அவையும் தள்ளப்பட்டன.

இரண்டாவது, கூட்டணி. 2015 பாரிஸ் மாநாட்டில் செல்வ நாடுகளையும் ஏழை நாடுகளையும் அவர் ஓரணியில் திரட்டினார். புவி வெப்ப உயர்வை 1.5 பாகைக்குள் நிறுத்த முயல்வது என்னும் இலக்கு உடன்பாட்டில் இடம்பெற்றது. 2017-இல் அவர் மறைந்தார். தனித்து வழக்காடியபோது கிட்டாத பயன், பலரை இணைத்தபோது கிட்டியது. சிறு நாடுகளின் அரசியல் திறம் இதில் அடங்கியுள்ளது எனலாம்.