அரக்கனுக்கு எத்தனை தலை வேண்டும்?

அன்புள்ள இனியா,

உன் கடிதமும் அதற்குள் நான்காக மடித்து வைத்திருந்த படமும் வந்து சேர்ந்தன. மடிப்பு நீங்கட்டும் என்று படத்தை அகராதிக்கு அடியில் ஓர் இரவு வைத்து எடுத்தேன். இப்போது என் மேசைமேல் இருக்கிறது. மூன்று தலை, எட்டுக் கை, வாய் கொள்ளாத பல், பல் நுனியில் சொட்டும் இரத்தம். "இத்தனையும் போட்டும் அம்மா சிரிச்சிட்டாங்க பெரியப்பா. தம்பிகூடப் பயப்படல. எங்கே தப்புன்னு சொல்லுங்க" என்று எழுதியிருக்கிறாய்.

உன் கையில் தப்பில்லை. கோடு தடுமாறாமல் ஓடுகிறது. கைகளை ஒன்றன்பின் ஒன்றாக அடுக்கியிருக்கும் விதத்திலேயே நீ நிறைய ஜப்பானிய மாங்கா சித்திரக்கதைகள் படிப்பவள் என்பது தெரிகிறது. இன்னொன்றும் என் கண்ணில் பட்டது. இரண்டு தலைகள் நம்மை முறைக்கின்றன. நடுத்தலை மட்டும் குனிந்து தன் காலடியைப் பார்க்கிறது. நினைத்துத்தான் அப்படி வரைந்தாயா, தாளில் இடம் போதாமல் குனிந்துவிட்டதா? அதைக் கடைசியில் பேசுவோம். முதலில் உன் கேள்விக்கு வருகிறேன்.

நீ பார்க்கும் அனிமேக்களின் நாடான ஜப்பானில் அரக்கர்களுக்குப் பல பெயர்கள் உண்டு. கடலிலிருந்தோ மலையிலிருந்தோ எழுந்து நகரத்தை மிதிக்கும் பெருவிலங்கு கைஜு. ஆறு, காடு, பழைய வீடு, இருண்ட மூலை என்று ஏதோ ஓர் இடத்தோடு ஒட்டிக்கொண்டு வாழ்வது யோகாய். கொம்பும் கோரைப்பல்லுமாக வருவது ஓனி. இந்த மூன்றையும் உருவாக்கியவர்கள் உன் கேள்வியைத் தாங்களும் கேட்டுப் பார்த்தவர்கள்தான்.

1966-ஆம் ஆண்டு ஜப்பானியத் தொலைக்காட்சியில் 'அல்ட்ராமேன்' தொடர் தொடங்கியது. வாரம் ஒரு புதிய கைஜு வேண்டும். அவற்றுக்கு உருவம் கொடுத்தவர் தோரு நரிதா. அவர் பயின்றது சிற்பக்கலை. தன் வேலைக்கென்று அவர் மூன்று விதிகள் வைத்திருந்தார். தலையையும் கைகால்களையும் எண்ணிக்கையில் கூட்டி அரக்கன் ஆக்கக் கூடாது. இருக்கிற விலங்கை அப்படியே பெரிதாக்கிக் காட்டக் கூடாது. குடல் சரிந்து, இரத்தம் வழிந்து, சிதைந்துபோன உடலாக வரையக் கூடாது. உன் படத்தோடு ஒப்பிட்டுப் பார், முதல் விதியும் மூன்றாவது விதியும் உனக்கென்றே எழுதியவைபோல இருக்கும்.

மூன்று தலைக் கைஜுவான கிங் கிதோரா 1964-லேயே திரைக்கு வந்துவிட்டதே என்று நீ கேட்பாய். சரிதான், நரிதாவின் விதி சட்டமல்ல. ஆனால் அவர் கண்டுகொண்ட உண்மையைப் பிடித்துக்கொள். தலையைக் கூட்டினால் வியப்பு கூடும். இரத்தத்தைக் கூட்டினால் அருவருப்பு கூடும். அச்சம் வேறு இடத்திலிருந்து வருகிறது. அந்த அரக்கன் எங்கே, எதனால், யாரால் உண்டானான் என்ற இடத்திலிருந்து வருகிறது. நான் சொல்ல வந்தது இந்த ஒன்றுதான். மற்றதெல்லாம் இதற்கான எடுத்துக்காட்டுகள்.

காட்சில்லாவை எடுத்துக்கொள். நீ பார்த்த புதிய படங்களில் அது மற்ற கைஜுக்களோடு சண்டை போடும் வீரன். அது பிறந்த கதை வேறு. 1954 மார்ச் 1 அன்று பசிபிக் கடலின் பிகினித் தீவுப் பகுதியில் அமெரிக்கா ஒரு ஹைட்ரஜன் குண்டை வெடித்துச் சோதித்தது. ஜப்பானின் யாய்சு துறைமுகத்திலிருந்து சூரை மீன் பிடிக்கப் போயிருந்த ஒரு படகின்மேல் வெள்ளைச் சாம்பல் மழைபோல் விழுந்தது. படகில் 23 பேர். எல்லோருமே கதிர்வீச்சால் நோயுற்றார்கள். வானொலிக் கருவியைக் கவனித்துவந்தவர் அந்த செப்டம்பரில் இறந்துபோனார். அந்தச் சோதனை நடந்தபோது ஹிரோஷிமாவும் நாகசாகியும் எரிந்து ஒன்பது ஆண்டுகூட ஆகியிருக்கவில்லை.

அதே ஆண்டு நவம்பர் 3 அன்று இஷிரோ ஹோண்டா இயக்கிய காட்சில்லா வெளிவந்தது. ஜப்பானிய மொழியில் அதன் பெயர் கொஜிரா. கொரில்லாவைக் குறிக்கும் சொல்லும் திமிங்கிலத்தைக் குறிக்கும் சொல்லும் சேர்ந்து உண்டான பெயர். படம் எங்கே தொடங்குகிறது தெரியுமா? கடலில் ஒரு படகு, திடீரென ஒரு பேரொளி, பிறகு தீ. அன்று திரையரங்கில் உட்கார்ந்திருந்த எவருக்கும் அது எந்தப் படகு என்று யாரும் விளக்க வேண்டியிருந்திருக்காது. குண்டுச் சோதனைகள் கடலடியிலிருந்து கிளப்பிவிட்ட விலங்கு அது. அதன் தோல், கதிர்வீச்சில் வெந்தவர்களின் உடம்பில் தடித்து நிற்கும் தழும்பை நினைவூட்டுவது. நகரம் எரிந்தபின் கேமரா மருத்துவமனைக்குள் போகிறது. ஒரு சிறு குழந்தையின் அருகே கதிர்வீச்சை அளக்கும் கருவியைக் கொண்டுபோகிறார்கள், கருவி படபடக்கிறது. அந்தக் காட்சியில் காட்சில்லா இல்லவே இல்லை. படத்தில் நான் மிகவும் பயந்த இடம் அதுதான். காட்சில்லாவுக்கு ஒரே தலைதான், இனியா.

அச்சத்துக்குப் போரும் குண்டும் வேண்டும் என்று நினைத்துவிடாதே. சின்ன அச்சங்களுக்கும் ஜப்பானில் அரக்கர்கள் உண்டு. ஷிகெரு மிசுகி என்ற மாங்கா கலைஞர் சகாய்மினாதோ என்ற கடலோர ஊரில் வளர்ந்தவர். நோன்னோன்பா என்று அவர் அழைத்த ஒரு மூதாட்டி சிறுவயதில் அவருக்கு யோகாய்க் கதைகள் சொன்னார். கூரையின் உட்புறத்தில் ஒரு கறை தெரிந்தால், ராத்திரி எல்லோரும் தூங்கியபின் கூரைநக்கி என்ற யோகாய் வந்து நாக்கால் நக்கிவிட்டுப் போன தடம் அது என்பார். வீட்டில் தினம் பார்க்கிற கறைதான். அதற்கு ஒரு நாக்கு முளைத்ததும் அறையே வேறாகிவிடுகிறது. உன் எட்டுக் கைகளுக்கு இல்லாத வலு இந்த ஒரு கறைக்கு இருப்பதைக் கவனி.

மிசுகி இரண்டாம் உலகப் போரில் படைவீரராகப் பசிபிக் கடலிலுள்ள ரபவுல் பகுதிக்கு அனுப்பப்பட்டார். கூட இருந்தவர்கள் கொல்லப்பட்டார்கள். மலேரியாவில் படுத்திருந்தபோது விழுந்த குண்டில் தன் இடது கையை இழந்தார். ஊர் திரும்பி, மிஞ்சிய கையால் அவர் வரைந்தது என்ன? கல்லறையில் பிறந்த, ஒரு கண் மட்டுமே உள்ள யோகாய்ச் சிறுவன் கிதாரோவை. செத்துப்போன அப்பாவின் கண்விழி உயிர்பெற்று, சின்னஞ்சிறு உடம்போடு மகனின் தலைமுடிக்குள் உட்கார்ந்து வழிகாட்டுகிறது. எவ்வளவு விசித்திரமான உருவம்! ஆனால் மகனைத் தனியே விட்டுவிட்டுப் போக மனம் வராத ஓர் அப்பா என்று நினைத்துப் பார், அந்தக் கண்விழியைக் கையில் ஏந்திக்கொள்ளத் தோன்றும். 'கெகெகெ நோ கிதாரோ' 1968-இல் தொலைக்காட்சி அனிமே ஆனது. அதன்பின் பலமுறை அதைப் புதிதாக எடுத்திருக்கிறார்கள். இன்று சகாய்மினாதோவின் தெரு ஓரத்தில் மிசுகியின் யோகாய்கள் வெண்கலச் சிலைகளாக வரிசையாக நிற்கின்றன.

மிசுகிக்குப் பல நூற்றாண்டு முன்பே ஜப்பானில் ஒரு நம்பிக்கை இருந்தது. நூறு ஆண்டு புழங்கிய பாத்திரத்துக்கும் குடைக்கும் செருப்புக்கும் உயிர் வந்துவிடும் என்பார்கள். அவற்றைச் சுக்குமோகாமி என்று அழைத்தார்கள். பழைய சித்திரச் சுருள் ஒன்று அவற்றின் கதையைச் சொல்கிறது. ஆண்டு முடிவில் வீட்டைத் துப்புரவு செய்யும்போது பழைய சாமான்களைத் தெருவில் எறிகிறார்கள். இத்தனை காலம் உழைத்தோமே, இப்படித் தூக்கிப் போட்டார்களே என்று அவற்றுக்குக் கோபம் வருகிறது. அந்தக் கோபத்தில் அரக்கர்களாகின்றன. அந்தக் கோபம் நியாயமானது என்று நமக்கும் படுகிறது. நம்மையே சற்று வெட்கப்பட வைக்கும் அரக்கனைப் பார்த்து யாரும் சிரிக்க மாட்டார்கள்.

அனிமே இயக்குநர் மியாசாகியின் 'ஸ்பிரிட்டட் அவே' படம் 2001-இல் வந்தது. நாம் சேர்ந்து பார்த்தோமே, நினைவிருக்கிறதா? தெய்வங்கள் குளிக்க வரும் குளியல் இல்லத்துக்குள் சேறும் நாற்றமுமாக ஓர் உருவம் ஊர்ந்து வரும். எல்லோரும் மூக்கைப் பிடித்துக்கொண்டு விலகுவார்கள். அங்கே வேலை செய்யும் சிறுமி சிஹிரோ மட்டும் கிட்டே போவாள். அதன் உடம்பில் ஏதோ முள்போலக் குத்தி நிற்பதைக் கண்டுபிடிப்பாள். கயிறு கட்டி இழுத்தால் ஒரு சைக்கிள் வரும், அதன் பின்னே குப்பை மலையாக வரும். கடைசியில் பார்த்தால் அது ஓர் ஆற்றின் தெய்வம். மியாசாகி தானே ஓர் ஆற்றைத் துப்புரவு செய்யும் வேலையில் கலந்துகொண்டபோது, அடியிலிருந்து சைக்கிளை இழுத்துப் போட்ட அனுபவத்திலிருந்து எழுதிய காட்சி அது. அருவருப்பான உருவத்தை வரைய அவரும் தயங்கவில்லை என்பதைப் பார். ஆனால் அந்தச் சேற்றுக்கு ஒரு காரணம் இருந்தது. அந்தக் காரணம் நாம்தான்.

இனி, இந்தக் கடிதத்தில் எனக்கு மிகப் பிடித்த அரக்கன். மறுபடி 'அல்ட்ராமேன்', 23-ஆவது பகுதி. ஜமிலா என்று ஒரு கைஜு. முன்பு அவன் மனிதன், விண்வெளி வீரன். அவன் கலம் தண்ணீரில்லாத ஒரு கோளில் போய் விழுந்தது. அவனை அனுப்பிய நாடு, தன் தோல்வி வெளியே தெரியக் கூடாதென்று அவனைத் தேடாமல் விட்டுவிட்டது. தண்ணீரில்லாமல் உயிர்வாழ்ந்து வாழ்ந்தே அவன் உடம்பு மாறிப்போனது. தன்னைக் கைவிட்ட மனிதர்களைப் பழிவாங்க அவன் பூமிக்கு வருகிறான். கிராமத்தை எரிக்கிறான். தொடரின் நாயகன் அல்ட்ராமேன் அவனை எதைக் கொண்டு வீழ்த்துகிறான் தெரியுமா? தண்ணீரைக் கொண்டு. ஒருகாலத்தில் அவன் ஒரு மிடறுக்காக ஏங்கிய அதே தண்ணீர். சேற்றில் புரண்டு, கைக்குழந்தை அழுவதுபோல அழுது அவன் சாகிறான்.

நரிதா ஜமிலாவுக்குக் கழுத்தே வைக்கவில்லை. தோளும் தலையும் ஒன்றாகக் குவிந்து, காய்ந்து வெடித்த களிமண்போல இருக்கும். ஜப்பானியப் பிள்ளைகள் பள்ளியில் சட்டைக் கழுத்தைத் தலைக்குமேல் இழுத்துவிட்டுக்கொண்டு "நான் ஜமிலா" என்று விளையாடுவார்களாம். விளையாட்டில் அவனாக மாறிப் பார்த்த பிள்ளைகள் அவன் அழுததையும் மறந்திருக்க மாட்டார்கள் என்று நான் நம்புகிறேன்.

உனக்குப் பிடித்த 'டீமன் ஸ்லேயர்' இந்த வழியில் வந்த பிள்ளைதான். கொயோஹரு கொடோகேயின் அந்த மாங்காவில் இரத்தத்துக்குக் குறைவில்லை. அதனால்தான் நீ அதைப் பார்ப்பதில் அம்மாவுக்குக் கவலை. அவள் கவலையை அலட்சியம் செய்யாதே, சில பகுதிகளை இன்னும் இரண்டு ஆண்டு கழித்துப் பார்த்தாலும் கதை ஓடிப்போகாது. ஆனால் உன் மனத்தில் தங்கியிருப்பது இரத்தமா? கதையின் நாயகன் தான்ஜிரோ ஓர் ஓனியின் தலையை வெட்டியபின், அது கரைந்து மறையும் நேரத்தில், அதன் கையைப் பற்றிக்கொள்கிறானே, அந்தக் காட்சியா? ஓர் ஓனி சாகும்போது, பெரும்பாலும் அது மனிதனாக இருந்த காலம் நம் கண்முன் வந்து போகிறது. தான்ஜிரோ அதற்காக வெட்டாமல் விடுவதில்லை. அது தின்ற உயிர்களுக்கு அவன் பதில் சொல்லியாக வேண்டும். காரணத்தை அறிவது வேறு, குற்றத்தை மன்னிப்பது வேறு. வாளை இறுகப் பிடித்த அதே கை மற்றவர் துயரத்தையும் தொட முடியும் என்று அந்தப் பையன் காட்டுகிறான். பெரியவர்கள் பலருக்கு இது வாழ்நாள் முழுக்க வருவதில்லை.

ஆகவே, அடுத்த முறை பென்சிலை எடுக்குமுன் சில கேள்விகள் கேட்டுக்கொள். இது எங்கே பிறந்தது? எந்த ஊர், எந்தக் குளம், எந்த வீட்டின் எந்த மூலை? அப்படி ஆக்கியது யார், அல்லது எது? இதற்கு என்ன வேண்டும்? என்ன கிடைத்தால் இது நின்றுவிடும்? இவற்றுக்கு விடை எழுதியபின் உருவத்துக்கு வா. தண்ணீரில்லாமல் தவித்தவனுக்குக் காய்ந்த தோல் தானாக வந்ததுபோல, உன் அரக்கனுக்கும் உருவம் அதன் கதையிலிருந்தே வரும். பல் வேண்டுமா, வேண்டாமா என்பதையும் கதையே சொல்லிவிடும். நீ நிஜமாகவே பயப்படுகிற ஒன்றிலிருந்து தொடங்கு. பிறர் பயப்படுவார்கள் என்று எண்ணி வரைவதைவிட, நீ பயந்ததை வரைவதற்கு வலிமை அதிகம். சின்ன விஷயமாக இருந்தாலும் பரவாயில்லை. கூரைக் கறையே ஒருவருக்குப் போதுமானதாக இருந்ததே.

இப்போது அந்த நடுத்தலை. இந்த நாலு நாளில் என் கண் மறுபடி மறுபடி அங்கேதான் போகிறது. முறைக்கும் இரண்டு தலைகளை என்னால் உடனே மறந்துவிட முடிகிறது. குனிந்திருக்கும் அந்த ஒன்றை முடியவில்லை. எதையோ தொலைத்துவிட்டுத் தேடுவதுபோல இருக்கிறது அதன் பார்வை. இடம் போதாமல் அப்படி அமைந்திருந்தாலும் பரவாயில்லை, கை சில நேரம் நமக்கு முன்பே கண்டுபிடித்துவிடும். மற்ற இரண்டு தலைகளையும் அழித்துப் பார். இரத்தத்தையும் எடுத்துவிடு. அதன் காலடியில் நீ ஒன்றும் வரையவில்லை, வெறும் தாள்தான் இருக்கிறது. அங்கே என்ன கிடந்தது, அது யாருடையது என்று யோசித்து, அதை மட்டும் வரைந்து எனக்கு அனுப்பு.

வந்ததும், தம்பியிடம் காட்டுமுன் என்னிடம் காட்டினாய் என்று பெருமைப்பட்டுக்கொள்வேன்.

அன்புடன்,
பெரியப்பா