சதுர இரும்புக் குழாயின் திறந்த முனைகளை மூடும் முறை

கோலார் தங்கவயலில் பாறையை அரைத்துச் சயனைடு கரைசலால் பொன்னைப் பிரித்தபின் எஞ்சிய நுண்மண், 2001 பிப்ரவரி 28 அன்று சுரங்கங்கள் மூடப்படும் வரை, ஊரைச் சுற்றி மேடுமேடாகக் குவிக்கப்பட்டது. காற்று வீசும் மாதங்களில் அம்மேடுகளிலிருந்து எழும் தூள் ராபர்ட்சன்பேட்டை, சாம்பியன் ரீஃப், மாரிக்குப்பம் எங்கும் படிகிறது. பழைய லைன் வீடுகளின் முன்னால் தகரக் கூரைத் தாழ்வாரமோ கேட்டோ அமைக்கப் பயன்படும் சதுரக் குழாயின் முனை திறந்திருந்தால், அத்தூள் உள்ளே சேர்ந்து செப்டம்பர், அக்டோபர் மழையின் ஈரத்தை நெடுநாள் பிடித்து வைத்துக்கொள்வதால், பெயின்ட் எட்டாத உட்சுவர் துருப்பிடித்து, வெளியே புள்ளி தெரியும் முன்பே குழாய் மெலிந்துவிடுகிறது. நாள்தோறும் ரயிலேறிப் பெங்களூருக்கு வேலைக்குச் சென்று இரவில் திரும்பும் குடும்பங்களால் முனையை மூடும் வேலையை அடிக்கடி செய்ய இயலாது. ஆகவே ஒருமுறை செய்வது திருத்தமாக அமைய வேண்டும்.

முதலில் தீர்மானிக்க வேண்டியது, குழாயை முற்றிலும் அடைப்பதா, அல்லது மேல்முனையை மட்டும் மூடிக் கீழே நீர் வடிய வழி விடுவதா என்பதாகும். காற்றுப் புகாதவாறு முழுவதும் பற்றவைக்கப்பட்ட குழாயினுள் இருக்கும் சிறிதளவு ஆக்சிஜன் தீர்ந்ததும் துருப்பிடித்தல் நின்றுவிடும். கீழே துளையுள்ள குழாயில் நீர் வடிந்து காற்றோட்டம் உண்டாகும். இரண்டுமில்லாத அரைகுறை மூடல், அதாவது நான்கு மூலைகளில் மட்டும் வெல்டிங் பொட்டு வைத்து இடைவெளியைப் புட்டியால் மறைப்பது, மூடாமல் விடுவதைக் காட்டிலும் தீங்கானது. புட்டியில் ஏற்படும் கீறல் வழியே நுழையும் நீருக்கு வெளியேற வழியே இராது.

குழாயின் வெளி அளவையும் சுவர்த் தடிமனையும் அளந்தபின், முனையை மூலைமட்டம் வைத்துச் செங்குத்தாக வெட்டி, கட்டிங் வீல் விட்டுச்செல்லும் பிசிறை அரத்தால் நீக்கி, உள்ளே இருக்கும் தூளைத் தட்டி வெளியேற்றி, ஈரமிருந்தால் உலர்த்த வேண்டும். முனையிலிருந்து ஓர் அங்குலம் வரை பெயின்டும் துருவும் அகற்றப்பட வேண்டும். துத்தநாகம் பூசிய ஜி.ஐ. குழாயாயின் அப்பூச்சையும் அதே அளவுக்குத் தேய்த்து எடுக்க வேண்டும். துத்தநாகம் 907 டிகிரி செல்சியஸில் ஆவியாகிவிடுவதாலும், அப்புகையைச் சுவாசித்தவருக்குக் குளிர்காய்ச்சல் போன்ற உபாதை வருவதாலும், பற்றவைக்கும் வேலை திறந்த வெளியில், காற்று வரும் பக்கம் நின்று செய்யப்பட வேண்டும்.

மூடித் தகடு குழாயின் வெளி அளவுக்குச் சமமாக இருக்கக் கூடாது. 40 மி.மீ. வெளி அளவும் 2 மி.மீ. சுவரும் உள்ள குழாய்க்கு 38 மி.மீ. சதுரத் தகடு பொருந்தும்; அது நாற்புறமும் சுவரின் பாதித் தடிமன் மீது அமர்ந்து, உலோகம் உருகி நிரம்ப ஒரு படியை விட்டுவைக்கிறது. தேய்த்துச் சமன் செய்தபின்னும் பற்று எஞ்சியிருப்பது இந்தப் படியினால்தான். விளிம்போடு விளிம்பாக வைத்த தகட்டில் கிரைண்டர் பற்றையே தின்றுவிடும். குழாயின் மூலைகள் வளைந்திருப்பதால் தகட்டின் மூலைகளையும் அதற்கேற்ப அரத்தால் மழுக்க வேண்டும்.

மறுமுனை ஏற்கெனவே அடைபட்டிருந்தால், எளிதில் எட்டும் ஓரிடத்தில் 3 மி.மீ. துளை ஒன்று இடுவது இன்றியமையாதது. இல்லையெனில் சூட்டில் விரியும் உட்காற்று, பற்றின் கடைசி இடைவெளி மூடும் தருணத்தில் உருகிய உலோகத்தை வெளியே ஊதித் தள்ளிவிடும். 2 மி.மீ. சுவருக்கு 2.5 மி.மீ. வெல்டிங் ராடும் 60 முதல் 80 ஆம்பியர் வரையிலான மின்னோட்டமும் போதும். எதிரெதிர்ப் பக்கங்களில் பொட்டு வைத்துத் தகட்டை நிலைநிறுத்தி, ஒரு பக்கம் முடிந்ததும் அதன் எதிர்ப்பக்கம் என மாற்றிமாற்றிப் பற்றவைத்து, கசடைத் தட்டிப் பார்த்து, குழாய் முழுதும் ஆறியபின் துளையை ஒரே பொட்டில் அடைக்க வேண்டும். பற்றின்மேல் சோப்பு நீர் தடவிக் குழாயைச் சற்றே சூடாக்கினால், கசிவுள்ள இடத்தில் குமிழி எழும். பிறகு தேய்த்துச் சமன் செய்து, கறுப்பு இரும்பெனில் ரெட் ஆக்சைடும், ஜி.ஐ. எனில் துத்தநாகம் மிகுந்த பிரைமரும் பூச வேண்டும்.

முழுமையாக அடைத்த குழாயை உருகிய துத்தநாகத் தொட்டியில் தோய்த்துப் பூச்சிட ஒருபோதும் அனுப்பக் கூடாது. ஏறத்தாழ 450 டிகிரி சூட்டில் உள்ளே தங்கிய ஈரம் நீராவியாகிக் குழாயை வெடிக்கச் செய்து, தொட்டியருகில் நிற்பவரின் உயிருக்கே ஆபத்தாகலாம். அவ்வாறு தோய்க்க அனுப்பும் குழாயில் காற்றுத் துளைகள் கட்டாயம்.

சுவர் 1.2 மி.மீ. போல மெல்லியதாயின் ராடு எளிதில் ஓட்டை போட்டுவிடும் என்பதால், பிளாஸ்டிக் மூடியே தக்கது. அதை வாங்கும்போது வெளி அளவோடு சுவர்த் தடிமனையும் சொல்ல வேண்டும். உட்புற விலாக்கள் இறுகப் பிடிப்பது அத்தடிமனைப் பொறுத்ததே. ரப்பர் சுத்தியலால் அடித்து இறக்கி, மேல்நோக்கிய முனையானால் விளிம்பில் சிலிகோன் பசை தடவ வேண்டும். வெயிலில் பிளாஸ்டிக் நொறுங்கத் தொடங்குவதால், ஆண்டுதோறும் மழைக்காலத்துக்கு முன் அதைச் சோதிக்க வேண்டும்.

கான்கிரீட்டில் நட்ட தூணில் இவ்வகை மூடி வைக்கும்போது, கான்கிரீட் மட்டத்துக்குச் சற்றே மேலே 6 மி.மீ. வடிதுளை ஒன்று இட்டு, அதன் விளிம்புக்கும் பிரைமர் பூசி, தூள் அடைக்காதபடி அவ்வப்போது கம்பியால் குத்திவிட வேண்டும்.