மௌனம் சம்மதமா?

வேதியியல் மாணவனுக்குச் சட்டத்தில் என்ன வேலை என்று அன்பர்கள் கேட்கலாம். சோதனைச் சாலையில் விடை வரவில்லையென்றால், விடை இல்லை என்றே எழுதுவோம். 1957-ஆம் ஆண்டின் டில்லி மாநகராட்சிச் சட்டம் வேறு கணக்குப் போடுகிறது. புதிய வீட்டிற்கு விண்ணப்பித்து 60 நாட்களுக்குள் ஆணையாளர் மறுத்து எழுதாவிட்டால், அனுமதி தந்ததாகவே கொள்ளவேண்டும் என்கிறது அதன் 337-ஆம் பிரிவு. விதியை மீறிக் கட்ட அம்மௌனம் உரிமை தராது என்பதையும் அதுவே கூறுகிறது.

இத்தகைய பிரிவு இல்லாத ஊர்களில் அரசியலமைப்பின் 226-ஆம் உறுப்பே கதி. உயர் நீதி மன்றமும் பெரும்பாலும் 'அனுமதி கொடு' என்னாது; 'இத்தனை வாரத்தில் முடிவு செய்' என்றே சொல்லும்.

அதுவும் எல்லாருக்கும் கைகொடுப்பதில்லை. ஹௌராவில் கேஞ்சஸ் ரோப் கம்பெனி கூடுதல் மாடிகளுக்கு விண்ணப்பித்தது. கல்கத்தா உயர் நீதி மன்றம் கெடு விதித்தது. ஆயினும் அனுமதி கிடைக்குமுன் உயரத்தைக் கட்டுப்படுத்தும் புதிய விதி வந்துவிட்டது. விண்ணப்பித்த நாளின் விதியன்று, அனுமதி வழங்கும் நாளின் விதியே செல்லும் என 2003-இல் உச்ச நீதி மன்றம் தீர்ப்பளித்தது. எனக்கு இது உவப்பாயில்லை. தாமதம் தாமதித்தவர்க்கே ஆதாயமாகிறதன்றோ?

டில்லியில் வீடு கட்ட எண்ணும் நம்மவர் நாளிட்ட ரசீதைப் பத்திரப்படுத்துக. 60 நாட்கள் அன்று தொடங்கும். கூடுதல் விவரம் கேட்டிருந்தால், அதைக் கொடுத்த நாளிலிருந்து.