பாத்தியும் பிரயாணியும்

வியத்நாமின் ஹோய் ஆன் பழைய நகர் 1999-இல் உலகப் பாரம்பரியச் சின்னமாயிற்று. அதனருகில் உள்ளது டிரா குவே என்னும் கீரை விளைக்கும் சிற்றூர். வழிகாட்டியுடன் சைக்கிளில் வரும் பிரயாணிகள், குடியானவரோடு மண்ணைக் கொத்தி, நீர்ப்பாசியை உரமாக இட்டு, பூவாளியால் நீர் வார்க்கின்றனர். பின்னர், அரிசி மாவில் இறாலும் மஞ்சளும் சேர்த்துச் சுட்ட 'பான் சேயோ' என்னும் அடையைப் பச்சிலைகளுடன் உண்கின்றனர். 2024-இல் ஐக்கிய நாடுகள் சுற்றுலா அமைப்பு இதனைச் சிறந்த சுற்றுலாக் கிராமங்களுள் ஒன்றாகத் தேர்ந்தது.

இதனால் நாம் அறிவது யாது? பார்த்துவிட்டு மட்டும் செல்பவரால் ஊருக்குப் பயன் குறைவு. உண்டு செல்பவரால் விளைத்தவர், சமைத்தவர் இருவருக்கும் வருவாய் உண்டு. ஆயினும், அவ்வருவாயை நம்பி விளைநிலத்தை விடுதிகளுக்கு விட்டுவிட்டால், காண்பதற்கும் உண்பதற்கும் ஒன்றும் எஞ்சாது. பாத்தி முன்னர், பிரயாணி பின்னர் என்பதை ஊராட்சி உறுப்பினர்கள் மனத்திற் கொள்வார்களாக!