‘தண்ணீரிழிவு’ ஆராய்ச்சிகள்

நம்பிக்கை: பிறர் வாக்கியத்தை வைத்துக்கொண்டு சொற்களை மாற்றிவிட்டால் அது நம் எழுத்து.

உண்மை: ஆய்வேடு சமர்ப்பிக்கும் நேரம் வந்தால் போதும், ‘பர்சென்டேஜ் எவ்வளவு?’ என்பதே பேச்சு. பிற எழுத்துகளோடு ஒற்றுமை பார்க்கும் மென்பொருள் சிவப்பாகக் காட்டும் சொல்லுக்குப் பதில் வேறு சொல் போட்டால் சதவீதம் இறங்கிவிடும் என்று சீனியர்களும் சொல்வார்கள், டிடிபி கடைக்காரரும் சொல்வார். சில சமயம் இறங்கவும் செய்யும். கூடவே பொருளும் இறங்கிப் போய்விடும். நீரும் தண்ணீரும் ஒன்றுதானே என்று ‘நீரிழிவு’ நோயைத் ‘தண்ணீரிழிவு’ ஆக்கினால் எப்படி இருக்கும்?

கிண்டலுக்குச் சொல்லவில்லை. பிரான்சின் துலூஸ் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த கிய்யோம் கபனாக், 2021-இல் வேறு இருவருடன் சேர்ந்து இப்படிப்பட்ட கோணல்களை ஆய்விதழ்களிலிருந்தே பொறுக்கி எடுத்தார். ‘பிரெஸ்ட் கேன்சர்’ அங்கே ‘பூசம் பெரில்’, அதாவது மார்பு ஆபத்து. செயற்கை நுண்ணறிவு, போலிப் பிரக்ஞை. ‘சித்திரவதைக்கு உள்ளான சொற்றொடர்கள்’ என்று அவற்றுக்குப் பெயரே வைத்துவிட்டார்கள். மறைக்கப் போட்ட சொல்லே காட்டிக்கொடுத்தது. லண்டனில் மிடில்செக்ஸ் பல்கலைக்கழக ஆசிரியர் கிறிஸ் சாட்லருக்குக் கிடைத்தது இன்னும் வேடிக்கை: ‘லெஃப்ட் பிஹைண்ட்’ என்பது மாணவர் கட்டுரையில் ‘சினிஸ்டர் பட்டக்ஸ்’ ஆகியிருந்தது. பின்தங்குவது கொடிய பிட்டமாகிவிட்டது!

நம்பிக்கை: ஒரே சொல் திரும்பத் திரும்ப வந்தால் நடை கெட்டுவிடும்.

உண்மை: கதைக்குச் சரி. கலைச்சொல்லுக்கு அந்த விதி கிடையாது. முதல் பக்கத்து ‘இரத்த அழுத்தம்’ பத்தாம் பக்கத்தில் ‘குருதி நெருக்கடி’ ஆனால் வாசகர் வேறு நோய் என்றுதான் நினைப்பார். மண்டலபுருடரின் சூடாமணி நிகண்டு ஒரு பொருளுக்குப் பல சொல் அடுக்கியது, எதுகை மோனை தேடும் புலவனுக்கு உதவும். ஆய்வேட்டில் யாரும் எதுகை கேட்பதில்லை.

நம்பிக்கை: 10 சதவீதத்துக்குள் வந்துவிட்டால் கருத்துத் திருட்டு இல்லை.

உண்மை: பல்கலைக்கழக மானியக் குழுவின் 2018-ஆம் ஆண்டு விதிமுறைப்படி 10 சதவீதம் வரை தண்டனை இல்லை, 60-ஐத் தாண்டினால் ஆய்வுப் பதிவே ரத்து. மக்கள் மனத்தில் நின்றது இந்த எண்கள் மட்டும்தான். அதே விதிமுறை, பிறருடைய படைப்பையோ கருத்தையோ தனது என்று காட்டுவதே திருட்டு என்கிறது. மென்பொருள் எண்ணுவது ஒற்றுமையை. கருத்து யாருடையது என்று அதற்குத் தெரியாது. படிக்கிற பேராசிரியருக்குத் தெரியும்.

ஆகவே, ஆய்வு மாணவர்களே, மூலத்தைப் படியுங்கள், மூடிவையுங்கள், புரிந்ததை உங்கள் வாக்கியத்தில் எழுதுங்கள், யாருடைய கருத்து என்று குறியுங்கள். மூல ஆசிரியர் சொன்னதைவிடத் தெளிவாகச் சொல்ல வரவில்லையா? மேற்கோள் குறிக்குள் அப்படியே போட்டுப் பெயரைச் சொல்லுங்கள். முறையாக மூலம் காட்டிய மேற்கோளை அந்தச் சதவீதக் கணக்கில் சேர்ப்பதே இல்லை.